சுடாத வெளிச்சம்: கிளாலிக் கடலும் நாகசாகியின் விஞ்ஞானியும்

1993ஆம் ஆண்டு எனக்குப் பதினொரு வயது. ஆனையிறவுப் பாதை மூடப்பட்டிருந்தது. குடாநாட்டை விட்டு வெளியே போகவேண்டியவர்கள் கிளாலிக் கரையில் பகல் முழுவதும் காத்திருந்து, இருட்டியதும் வள்ளம் ஏறினார்கள். அவர்களில் எங்கள் குடும்பமும் ஒன்று. ரோச் அடிக்கக்கூடாது, சுருட்டுப் பற்றவைக்கக்கூடாது, குழந்தை அழுதால் வாயைப் பொத்தவேண்டும் என்பவைதான் வள்ளத்தின் சட்டங்கள். வெளிச்சம் தெரிந்தால் சூடு விழும் என்று எல்லோருக்கும் தெரியும்.

நிலவு இல்லாத இரவு. நான் வள்ளத்தின் ஓரத்தில் இருந்தேன். கரை மறைந்த பிறகு தண்ணீரைப் பார்த்தேன். வள்ளம் கிழித்துச் சென்ற இடமெல்லாம் நீலமாக மினுங்கியது. கையை விட்டேன். விரல்களைச் சுற்றியும் அதே நீலம். கையை எடுத்தபோது துளிகள் ஒளியாக வழிந்தன. ஒரு கணம் பயமெல்லாம் மறந்துவிட்டது.

அப்பா என் கையைப் பிடித்து உள்ளே இழுத்தார். "வெளிச்சம் தெரியும் பிள்ளை, கையை எடு" என்றார். பிறகு அவரும் தண்ணீரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். என் கையை நிறுத்தலாம், வள்ளம் போகும் தடத்தை எப்படி நிறுத்துவது? மறுகரை வரும்வரை அந்த நீலக் கோடு எங்களுக்குப் பின்னாலேயே வந்தது.

"ஏன் தண்ணீர் எரிகிறது?" என்று பிறகு பலரிடம் கேட்டேன். கடலில் உப்பு இருப்பதால் என்றார் ஒருவர். பொஸ்பரஸ் என்றார் இன்னொருவர். இரண்டும் சரியல்ல. நான் விஞ்ஞானம் படித்து, பிறகு அதையே கற்பிக்கவும் தொடங்கிய பின்னர்தான் உண்மையான பதிலைத் தெரிந்துகொண்டேன். அந்தப் பதிலைத் தேடிப் போன வழியில் போரிலிருந்து தப்பிய இன்னொரு பதின்ம வயதுப் பையனையும் சந்தித்தேன். இரண்டையும் இங்கே எழுதுகிறேன்.

எரியாமல் எப்படி ஒளிர்கிறது?

எங்களுக்குப் பழக்கமான வெளிச்சம் எல்லாம் சூடானது. மின்சாரம் இல்லாத ஆண்டுகளில் ஜாம் போத்தலுக்குள் திரி போட்டு, மண்ணெண்ணெயைச் சொட்டாக அளந்து ஊற்றிப் படித்தோம். அந்தப் போத்தலைத் தொட்டால் கை சுடும். பழைய இழை மின்குமிழும் அப்படித்தான். அதற்குக் கொடுக்கும் சக்தியில் பத்தில் ஒரு பங்குகூட வெளிச்சமாக மாறுவதில்லை, மிகுதி வெப்பமாகப் போய்விடும்.

மின்மினிப் பூச்சியைக் கையில் பிடித்துப் பாருங்கள், சுடாது. ஒரு பூச்சியின் வயிற்றுக்குள் விளக்குச் சூடு இருந்தால் அது உயிரோடு இருக்க முடியாது. ஆகவே உயிர்கள் வேறு வழியால் ஒளி உண்டாக்குகின்றன. அதற்கு உயிரொளிர்வு என்று பெயர்.

இதற்குக் காற்று வேண்டும் என்பதை 1668இல் றொபேட் பொயில் காட்டினார். ஒளிரும் உக்கிய மரத்துண்டு ஒன்றைக் கண்ணாடிக் கலத்துள் வைத்துக் காற்றை உறிஞ்சினார், ஒளி மங்கியது. காற்றைத் திரும்ப விட்டார், ஒளி திரும்பி வந்தது. ஒட்சிசன் என்ற ஒன்று இருப்பதே அப்போது யாருக்கும் தெரியாது.

அடுத்த பெரிய அடியை வைத்தவர் பிரான்ஸ் நாட்டின் றபாயேல் டுபுவா. 1880களில் அவர் செய்த சோதனையை எந்தப் பிள்ளைக்கும் விளங்கவைக்கலாம். ஒளிரும் உயிரொன்றின் உறுப்பைக் குளிர்ந்த நீரில் அரைத்தார். அந்தக் கரைசல் ஒளிர்ந்து, சிறிது நேரத்தில் அணைந்துவிட்டது. இன்னொரு பகுதியைச் சுடுநீரில் அரைத்தார். அது ஒளிரவே இல்லை. சுடுநீர்க் கரைசலை ஆறவிட்டு, அணைந்துபோன குளிர்நீர்க் கரைசலோடு கலந்தார். மீண்டும் ஒளி வந்தது.

இதிலிருந்து இரண்டு பொருட்கள் தேவை என்று அவர் கண்டுகொண்டார். ஒன்று எரிபொருள் போலச் செலவாகி முடிவது, அது சூட்டைத் தாங்கும். மற்றது அதைத் தூண்டிவிடும் நொதியம், சூட்டில் கெட்டுவிடும். முதலாவதற்கு லூசிபெரின் என்றும் இரண்டாவதற்கு லூசிபெரேஸ் என்றும் பெயர் வைத்தார். குளிர்நீரில் எரிபொருள் தீர்ந்துவிட்டது, நொதியம் மிஞ்சியது. சுடுநீரில் நொதியம் கெட்டுவிட்டது, எரிபொருள் மிஞ்சியது. இரண்டு மிச்சமும் சேர்ந்தபோது விளக்கு எரிந்தது.

லூசிபெரின் ஒட்சிசனோடு சேரும்போது சக்தி வெளிவருகிறது. அந்தச் சக்தி வெப்பமாகச் சிதறுவதற்கு முன்பே மூலக்கூறு அதை ஒளியாக வெளியே விட்டுவிடுகிறது. மின்மினிக்கு இதைவிட இன்னொன்றும் தேவை. எங்கள் தசைகள் இயங்கச் செலவழிக்கும் ஏரீபி என்ற அதே சக்தி மூலக்கூறுதான் அது. 1947இல் அமெரிக்காவின் வில்லியம் மக்கெல்றோய் இதைக் காட்டினார். சோதனைக்கு வேண்டிய பூச்சிகளுக்காக, நூறு மின்மினிக்கு 25 சதம் என்று பால்டிமோர் நகரச் சிறுவர்களுக்குக் கொடுத்தார். இன்று உணவுத் தொழிற்சாலைகளில் ஒரு மேசை உண்மையிலேயே சுத்தமாக இருக்கிறதா என்று பார்ப்பதற்கு மின்மினியின் இரசாயனத்தைத்தான் பயன்படுத்துகிறார்கள். அழுக்கும் கிருமியும் இருந்தால் ஏரீபி இருக்கும், ஏரீபி இருந்தால் ஒளி வரும்.

எதற்காக இந்த வெளிச்சம்?

ஒளி உண்டாக்கும் திறமை உயிர்களிடையே ஒரே தடவையில் தோன்றியதல்ல. குறைந்தது 40 தடவைகள், தனித்தனியாக, வெவ்வேறு உயிர்க் கூட்டங்களில் தோன்றியிருக்கிறது. தரையில் இது அபூர்வம், கடலில் சாதாரணம். கலிபோர்னியாவுக்கு அப்பால் உள்ள ஆழ்கடலில் 17 ஆண்டுகள் எடுத்த காணொளிகளை ஆராய்ந்து 2017இல் ஓர் ஆய்வு வெளிவந்தது. நீரில் காணப்பட்ட விலங்குகளில் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கு ஒளிரக்கூடிய வகைகள் என்று அது சொன்னது. கடல் உயிர்களின் ஒளி பெரும்பாலும் நீலமாக இருப்பதற்கும் காரணம் உண்டு. கடல்நீருக்குள் மிகத் தூரம் போகக்கூடியது நீல ஒளிதான்.

மின்மினிக்கு ஒளி ஒரு பேச்சு. ஆண் பறந்தபடி தன் இனத்துக்குரிய தாளத்தில் மின்னும். இலையில் இருக்கும் பெண் சரியான இடைவெளி விட்டுப் பதில் மின்னும். அமெரிக்காவில் ஒரு வகைப் பெண் மின்மினி வேறு இனத்தின் பதிலைப் பொய்யாக மின்னி, நம்பி வரும் ஆணைப் பிடித்துத் தின்றுவிடும். எங்கள் வீதி விளக்குகளும் மதில் விளக்குகளும் கூடக் கூட இந்தப் பேச்சு கெடுகிறது. வெளிச்சம் நிறைந்த இடத்தில் அவை ஒன்றையொன்று காண முடிவதில்லை.

சில உயிர்களுக்கு ஒளி ஒரு மறைப்பு. இதற்கு எங்கள் அடுப்படியிலேயே உதாரணம் உண்டு, காரல் மீன். பிள்ளை பெற்ற தாய்க்குச் சொதி வைத்துக் கொடுக்கும் அதே காரல்தான். அதன் தொண்டைக்குக் கீழே, உணவுக் குழாயைச் சுற்றி ஒரு சிறிய உறுப்பு இருக்கிறது. அதற்குள் ஒளிரும் பற்றீரியாக்கள் குடியிருக்கின்றன. மீன் அவற்றுக்கு உணவு கொடுக்கிறது, அவை மீனுக்கு ஒளி கொடுக்கின்றன. அந்த ஒளி மீனின் வயிற்றுப்புறத்தால் மங்கலாகக் கீழே பரவும். கீழே இருந்து அண்ணாந்து பார்க்கும் பெரிய மீனுக்கு, மேலே தெரியும் வானத்தின் வெளிச்சத்தோடு காரலின் நிழல் கலந்து மறைந்துவிடும். வெளிச்சம் போட்டு ஒளிந்துகொள்வது என்றால் இதுதான்.

இனிக் கிளாலிக்கு வருகிறேன். அன்று மினுங்கியது தண்ணீர் அல்ல, தண்ணீரில் மிதந்த ஒற்றைக் கல உயிர்கள். இவற்றின் பெருங்கூட்டத்துக்கு டைனோபிளாஜெலேற்றுக்கள் என்று பெயர். அவற்றில் நொக்ரிலூக்கா என்ற வகை ஏறக்குறைய ஊசித் தலையளவு, மற்றவை பெரும்பாலும் கண்ணுக்கே தெரியாதவை. அமைதியான நீரில் அவை இருட்டாகவே இருக்கும். அலையோ துடுப்போ மீனோ கையோ நீரைக் கலக்கும்போது கலத்தின் மேற்பரப்பு அழுத்தப்படுகிறது. அந்த அழுத்தம் கலத்துக்குள் ஒரு மின் துடிப்பை உண்டாக்கும். அதனால் ஒளிரும் துணிக்கைகளுக்குள் அமிலத்தன்மை கூடி, லூசிபெரின் ஒட்சியேற்றப்பட்டு ஒளி வெளிவருகிறது. ஒரு செக்கனில் பத்தில் ஒரு பங்கு நேரத்துக்கு ஒரு மின்னல், அவ்வளவுதான். அது போல் இலட்சக்கணக்கானவை சேர்ந்து ஒரு தடத்தை எழுதிவிடும்.

எதற்காக? ஒரு மின்னல் தின்ன வந்த சிறு இறாலினத்தைத் திடுக்கிட வைக்கும். அதைவிட முக்கியமான ஒரு விளக்கத்தை விஞ்ஞானிகள் தருகிறார்கள். அந்த ஒளி, தின்ன வந்ததைக் காட்டிக்கொடுக்கிறது. சிறு இறாலினம் வெளிச்சத்தில் தெரிந்தால், அதைத் தின்னும் மீன் அதைக் கண்டுவிடும். கள்ளன் மதில் ஏறும்போது நாய் குரைப்பது போன்ற வேலை இது. கலக்கியவன் யாரோ, அவனை மேலே உள்ளவனுக்குக் காட்டு என்பதே அந்த உயிரின் தற்காப்பு.

இதை முதன்முதலில் வாசித்தபோது புத்தகத்தை மூடிவைத்துவிட்டேன். அப்பா விஞ்ஞானம் படித்தவர் அல்ல. ஆனால் அவருடைய பயம் விஞ்ஞானப்படி சரியானது. அன்று அந்தக் கடலைக் கலக்கியவர்கள் நாங்கள். அந்த ஒளி எங்களைக் காட்டிக்கொடுக்கக்கூடிய ஒளிதான். கடற்படைகள் கடலின் இந்த ஒளிர்வைப் பல ஆண்டுகளாக ஆராய்ந்து வருவதும் இதற்காகவே. இரவில் நகரும் கலங்களை அது வெளிக்காட்டும்.

அதே ஒளி வழியும் காட்டியிருக்கிறது. பின்னாளில் அப்பல்லோ 13 விண்கலத்தின் தலைவராக இருந்த ஜேம்ஸ் லவல், 1950களில் யப்பானுக்கு அருகே போர் விமானியாக இருந்தார். ஓர் இரவு விமானத்தின் உள்விளக்குகள் எல்லாம் அணைந்துவிட்டன. கும்மிருட்டில் கீழே பார்த்தபோது கடலில் ஒரு பச்சைத் தடம் தெரிந்தது. அவருடைய கப்பல் கலக்கிச் சென்ற நீர் அது. அந்தத் தடத்தைப் பின்தொடர்ந்தே அவர் கப்பலுக்குத் திரும்பினார்.

நாகசாகிக்கு அருகில் ஒரு பையன்

உயிரொளிர்வைப் பற்றி எங்கு வாசித்தாலும் ஒசாமு ஷிமோமுரா என்ற பெயர் வரும். 2008இல் இரசாயனவியலுக்கான நோபல் பரிசு பெற்ற மூவரில் ஒருவர். அவருடைய இளமைக் காலத்தைத் தேடி வாசித்தபோது அது எனக்கு அந்நியமாகத் தோன்றவில்லை.

1945ஆம் ஆண்டு ஓகஸ்ட் 9ஆம் திகதி. ஷிமோமுராவுக்குப் பதினாறு வயது. பாடசாலைப் பிள்ளைகளைப் போர்த் தொழிற்சாலைகளில் வேலைக்கு விட்டிருந்த காலம். நாகசாகியிலிருந்து சுமார் 15 கிலோமீற்றர் தூரத்தில் உள்ள இசஹாயாவில், ஒரு தொழிற்சாலையில் அவர் வேலை செய்துகொண்டிருந்தார். அபாயச் சங்கு ஊதி, பிறகு ஆபத்து நீங்கியது என்று அறிவித்ததும் உள்ளே வந்து அமர்ந்தார். அப்போது யன்னலால் ஒரு பெரும் ஒளி பாய்ந்தது. அரை நிமிடம் அளவில் கண் தெரியவில்லை. பிறகுதான் சத்தம் வந்தது.

வேலை முடிந்து நடந்து வீடு போகும் வழியில் மழை தூறியது. கறுத்த மழை. போட்டிருந்த வெள்ளைச் சட்டை சாம்பல் நிறமாகிவிட்டது. வீட்டில் அவருடைய பாட்டி உடனே தண்ணீர் தயாரித்து அவரைக் குளிக்க வைத்தார். அந்தக் குளிப்பு கதிர்வீச்சின் பாதிப்பைக் குறைத்திருக்கலாம் என்று அவர் பின்னாளில் எண்ணினார். அந்த நாட்களில் காயப்பட்டவர்களை ரயில் ரயிலாக இசஹாயாவுக்குக் கொண்டுவந்தார்கள்.

போர் முடிந்தது. ஆனால் அவர் படிக்கவேண்டிய காலத்தில் தொழிற்சாலையில் இருந்தார். காட்டுவதற்கு ஒழுங்கான பெறுபேறு இல்லை. விண்ணப்பித்த கல்லூரிகள் ஏற்கவில்லை. அப்படியே ஆண்டுகள் போயின. குண்டில் அழிந்த நாகசாகி மருந்தாக்கல் கல்லூரி, தற்காலிகமாக அவருடைய வீட்டுக்கு அருகில் இயங்கத் தொடங்கியது. மருந்தாக்கலில் அவருக்கு ஆசை எதுவும் இருக்கவில்லை. கிடைத்த ஒரே இடம் என்பதால் சேர்ந்தார். எங்களில் எத்தனை பேர் இப்படிக் கிடைத்த இடத்தில் கிடைத்ததைப் படித்தோம்!

1955இல் நகோயாப் பல்கலைக்கழகத்துக்குப் போனார். அங்கே பேராசிரியர் ஹிராட்டா அவருக்கு ஒரு வேலை கொடுத்தார். யப்பானியக் கரைகளில் வாழும் கடுகளவு ஓட்டுடலி ஒன்று உண்டு. அவர்கள் மொழியில் அதன் பெயருக்குக் கடல் மின்மினி என்று பொருள். அதை உலர்த்தித் தூளாக்கி வைத்து, பிறகு நீர் பட்டால் நீலமாக ஒளிரும். போர்க்காலத்தில் யப்பானிய இராணுவம் இதைச் சேகரித்தது. விளக்கு ஏற்ற முடியாத இருட்டில், உள்ளங்கையில் ஈரமாக்கிய தூளின் ஒளியில் வரைபடம் வாசிப்பதற்காக. இதன் லூசிபெரினைத் தூய பளிங்காக எடுத்துத் தரவேண்டும் என்பதே வேலை. அமெரிக்காவின் பிரின்ஸ்டன் ஆய்வாளர்கள் இருபது ஆண்டுகளுக்கு மேல் முயன்றும் முடியாதது அது.

பத்து மாதங்கள் இரவு பகலாக முயன்றார். ஒரு நாள் மிஞ்சியிருந்த கரைசலில் செறிந்த ஐதரோகுளோரிக் அமிலத்தை ஊற்றி, அப்படியே வைத்துவிட்டுப் போனார். காலையில் பார்த்தபோது அடியில் சிவப்புப் பளிங்குகள் இருந்தன. போருக்குப் பிறகு தன் எதிர்காலத்தில் தெரிந்த முதல் நம்பிக்கை அது என்ற பொருளில் அவர் பின்னர் கூறியிருக்கிறார்.

கழிவுத் தொட்டியில் தெரிந்த ஒளி

1960இல் பிரின்ஸ்டன் அவரை அழைத்தது. 1961 கோடையில் அமெரிக்காவின் மேற்குக் கரையில் உள்ள பிறைடே ஹாபருக்குப் போனார். அங்கே விளிம்பில் பச்சை ஒளி வீசும் ஒரு ஜெலி மீன் உண்டு. எங்கள் கடற்றொழிலாளர் சொறி என்று சொல்லும் வகையைச் சேர்ந்தது. அதன் லூசிபெரினைத் தேடினார்கள், கிடைக்கவில்லை. ஷிமோமுரா ஒரு சிறு தோணியில் தனியே மிதந்தபடி நாள் கணக்காக யோசித்தார். இந்த உயிருக்கு லூசிபெரின் முறையே இல்லாமல் இருக்கலாம், ஒரு புரதமே ஒளிரலாம் என்று தோன்றியது. அமிலம் சேர்த்து ஒளியை நிறுத்திப் பார்த்தார், நின்றது. வேலை முடிந்து மிச்சத்தைக் கழுவும் தொட்டியில் ஊற்றினார். தொட்டிக்குள் பளீரென்று நீல ஒளி எழுந்தது.

மீன் தொட்டியிலிருந்து வழிந்த கடல்நீர் அந்தத் தொட்டியில் விழுந்துகொண்டிருந்தது. கடல்நீரில் உள்ள கல்சியந்தான் அந்தப் புரதத்தைத் தூண்டியது. அந்தக் கோடையில் சுமார் 10,000 ஜெலி மீன்களிலிருந்து கிடைத்தது சில மில்லிகிராம் புரதம் மட்டுமே. அதற்கு ஏகுவொரின் என்று பெயரிட்டார்கள். கூடவே இன்னொரு புரதமும் வந்தது. அது ஏகுவொரினின் நீல ஒளியை வாங்கிப் பச்சையாக வெளிவிடும். பச்சை ஒளிர் புரதம் என்று இன்று உலகம் முழுவதும் அறியப்படுவது அதுதான். பின்னர் வந்த கோடைகளில் மனைவியும் பிள்ளைகளும் வலை பிடித்து உதவினார்கள். மொத்தம் எட்டரை இலட்சம் ஜெலி மீன்கள் என்று கணக்கு.

அவர் எதற்கும் பயன்படும் என்று எண்ணிச் செய்யவில்லை. ஏன் ஒளிர்கிறது என்று அறிவதே அவருடைய நோக்கம். பயன் பிறகு வந்தது. 1994இல் மார்ட்டின் சல்பி அந்தப் பச்சைப் புரதத்தின் பரம்பரை அலகை ஒரு சிறு புழுவுக்குள் வைத்து அதன் நரம்புக் கலங்களை ஒளிர வைத்தார். றொஜர் சியென் வேறு நிறங்களை உருவாக்கினார். இன்று புற்றுநோய்க் கலம் உடலில் எப்படிப் பரவுகிறது, மலேரியாக் கிருமி எங்கே ஒளிந்திருக்கிறது, காயப்பட்ட நரம்பு எப்படி வளர்கிறது என்பதையெல்லாம் உயிரோடு உள்ள கலத்துக்குள்ளேயே பார்க்க முடிகிறது. ஒளிரும் புரதத்தை ஒட்டிவிட்டால் இருட்டான கலத்துக்குள் அது தானே விளக்காகிவிடும்.

ஷிமோமுரா 2018ஆம் ஆண்டு ஒக்டோபரில், தொண்ணூறாவது வயதில் நாகசாகியில் காலமானார். மனிதன் உண்டாக்கிய மிகக் கொடிய ஒளியொன்றைப் பதினாறு வயதில் கண்டவர், மிகுதி வாழ்நாள் முழுவதும் சுடாத சிறு ஒளியைப் பின்தொடர்ந்தார். போர்தான் அவரை விஞ்ஞானியாக்கியது என்று நான் சொல்லமாட்டேன். போர் அவருடைய படிப்பைப் பறித்தது, அவ்வளவுதான். மிகுதியைச் செய்தவை பாட்டியின் குளிப்பும், வீட்டுக்கருகே வந்த ஒரு தற்காலிகக் கல்லூரியும், பெறுபேற்றைக் கேட்காமல் வேலை கொடுத்த ஒரு பேராசிரியரும், அவருடைய பொறுமையும். படிப்பு இடையில் அறுந்துபோன பிள்ளைகள் எங்களிடம் இன்னும் இருக்கிறார்கள். அவர்களுக்கு இந்தக் கதையைச் சொல்லும்போது இந்த நான்கையும் சேர்த்தே சொல்கிறேன்.

இப்போது சங்குப்பிட்டிப் பாலத்தால் அந்தக் கடல்நீரேரியைச் சில நிமிடங்களில் கடந்துவிடலாம். போன ஆண்டு ஒரு அமாவாசைக்கு என் மகளோடு கரையோரம் போனேன். கைத்தொலைபேசியை அணைக்கச் சொன்னேன். கண் இருட்டுக்குப் பழகக் கொஞ்ச நேரம் வேண்டும். முழங்காலளவு தண்ணீரில் இறங்கிக் கையால் அளைந்தோம். முதலில் ஒன்றும் இல்லை. இன்னும் சில அடி தள்ளிப் போனதும் அவளுடைய விரல்களைச் சுற்றி நீலம் எழுந்தது.

எல்லா இரவும் தெரியாது. ஒளிரும் உயிர்கள் பெருகியிருக்கும் நாட்களில் மட்டுமே தெரியும். கரையோரத்தில் இருப்பவர்கள் நிலவில்லாத இரவில் பிள்ளைகளோடு போய்ப் பாருங்கள். தண்ணீர் ஏன் எரிகிறது என்று கேட்டால் இனிச் சொல்வதற்குப் பதில் இருக்கிறது.

மகள் கையை எடுக்கவே இல்லை. நானும் எடுக்கச் சொல்லவில்லை.